குடிபூரலுக்கு நிறைகுடம்: வாசலில் வைப்பதும் வருவோரை வரவேற்பதும்

குடிபூரல் (புதுவீடு புகுதல்), சாமத்தியச் சடங்கு, கலியாணம், பள்ளிக்கூட விழா என்று யாழ்ப்பாணத்தில் எந்த நல்ல காரியம் நடந்தாலும் வாசலில் முதலில் கண்ணில் படுவது நிறைகுடம். ஒரு குடம் தண்ணீர், ஐந்து மாவிலை, உச்சியில் குடுமி விட்டு உரித்த ஒரு முடித்தேங்காய், இரண்டு குத்துவிளக்கு. பத்து நிமிட வேலைபோலத்தான் தெரியும். ஆனால் சிக்கல்கள் பெரும்பாலும் வைக்கிற நேரத்தில் தலைகாட்டுவதில்லை. இரண்டு மணி நேரம் போன பிறகுதான் ஒவ்வொன்றாக வரும். மாவிலை சுருளும், திரி புகையும், சந்தனம் காய்ந்து தூளாகும், பன்னீர்ச்செம்பு அடைத்துக்கொள்ளும். காலை ஒன்பது மணிக்கு வந்த மாமிக்குக் கிடைத்த அதே வாசல் மத்தியானம் ஒரு மணிக்கு பஸ்ஸில் வந்து இறங்குகிறவருக்கும் கிடைக்க வேண்டும். இந்தக் கட்டுரை அதற்காகத்தான்: முதன்முறை தாங்களே வைக்கப் போகிறவர்களுக்கும், வெளிநாட்டிலிருந்து வந்து ஊரில் காரியம் செய்கிற பிள்ளைகளுக்கும்.

வீட்டுக் குடிபூரலை வைத்தே சொல்லுகிறோம். மண்டபத்தில் வேறுபடுகிற இடங்களை அங்கங்கே குறிப்பிடுகிறோம். ஒன்றை முதலிலேயே மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: உள்ளே பூசைக்கு ஐயர் வைக்கிற கும்பம் வேறு, வாசலில் நீங்கள் வைக்கிற நிறைகுடம் வேறு. ஐயரின் கும்பத்துக்கு நூல் சுற்றுவார், தர்ப்பை வைப்பார், மந்திரம் சொல்லி வைப்பார். அதை நீங்கள் தொடவும் வேண்டாம், இடம் மாற்றவும் வேண்டாம். வாசல் நிறைகுடத்துக்கு மந்திரம் தேவையில்லை. குளித்து, சுத்தமான உடுப்போடு வீட்டில் யாரும் வைக்கலாம்.

வாங்குவது

குடம் பித்தளையாகவோ செம்பாகவோ வெள்ளியாகவோ இருக்கட்டும். அலுமினியமும் பிளாஸ்ரிக்கும் வேண்டாம். வாங்கும்போதோ இரவல் எடுக்கும்போதோ பார்க்க வேண்டியது குடத்தின் வாய். அது 3½ முதல் 4 அங்குலம் அகலம் இருந்தால், நடுத்தரத் தேங்காய் மூன்றில் ஒரு பங்கு உள்ளே இறங்கி அசையாமல் இருக்கும். வாய் அகலமானால் தேங்காய் உள்ளே விழுந்துவிடும். ஒடுங்கினால் மேலே உருளும். அதனால் தேங்காய் வாங்கப் போகும்போது குடத்தின் வாயை ஒரு நூலால் அளந்து கொண்டு போங்கள்.

தேங்காயைக் கடையில் உரிக்கக் கொடுக்கும்போது “முடியோட உரிச்சுத் தாங்கோ” என்று முன்கூட்டியே சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் பழக்கத்தில் அலவாங்கில் குத்தி முழுவதையும் மொட்டையாக உரித்துவிடுவார்கள். குலுக்கினால் தண்ணீர்ச் சத்தம் கேட்க வேண்டும், ஓட்டில் கீறல் இருக்கக் கூடாது. இரண்டு வாங்குங்கள். ஒன்று வெடித்துப் போனால் காலை ஏழு மணிக்கு முடித்தேங்காய் தேடி ஓடுவது பெரிய பாடு.

மற்றவை: தலைவாழையிலை 2, நெல் அல்லது பச்சையரிசி ஒரு கொத்து (கிட்டத்தட்ட ஒரு கிலோ), மாவிலைக் கொத்து இரண்டு மூன்று, மஞ்சள்தூள், அறுகம்புல், வெற்றிலை, பாக்கு, கதலி அல்லது இதரை வாழைப்பழம் ஒரு சீப்பு, தேசிக்காய் 2, பூ, விபூதி, சந்தனத்தூள், குங்குமம், கற்கண்டு, பன்னீர், ஊதுபத்தி, நல்லெண்ணெய் அரைப் போத்தல், பஞ்சுத்திரி, கற்பூரம். திருநெல்வேலிச் சந்தையிலோ சுன்னாகம், மருதனார்மடம் சந்தைகளிலோ இலையும் பழமும் வெற்றிலையும் ஒரே நடையில் எடுத்துவிடலாம். இலையை முதல்நாள் வாங்குகிறவர்கள் சுருட்டி ஈரச் சீலையில் சுற்றி நிழலில் வையுங்கள். குளிர்சாதனப் பெட்டிக்குள் மடித்துத் திணித்த இலை மடிப்பிலேயே கிழியும்.

முதல்நாள் பின்னேரம்

விளக்கையும் குடத்தையும் மினுக்குவது முதல்நாள் வேலை. பழப்புளியைக் கொஞ்சத் தண்ணீரில் கரைத்துத் தடிப்பாகப் பூசி, ஐந்து நிமிடம் விட்டு, தேங்காய்ப் பொச்சால் தேய்த்துக் கழுவுங்கள். இடுக்குகளுக்குப் பழைய பல்துலக்கி நல்லது. இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள்: பளபளவென்று கழுவி வெயிலில் வைத்துவிட்டுப் போவார்கள், திரும்பி வந்தால் வெள்ளை வெள்ளையாகப் புள்ளி இருக்கும். யாழ்ப்பாணத்து நிலம் சுண்ணாம்புக்கல், கிணற்றுத் தண்ணீரும் சுண்ணாம்புச் சத்து நிறைந்தது. தானாகக் காய விட்டால் அந்தச் சத்து பித்தளையில் படிந்துவிடும். கழுவிய கையோடு பருத்தித் துணியால் ஈரம் போகத் துடைத்துவிட்டால் இந்தத் தொல்லை இல்லை. புளியையும் பூசிவிட்டு மறந்து நெடுநேரம் விடாதீர்கள்; பித்தளை செம்மை தட்டும்.

குத்துவிளக்கு அடித்தட்டு, தண்டு, எண்ணெய்த் தட்டு, உச்சி என்று கழற்றிப் பூட்டுகிற துண்டுகளாக இருக்கும். பழைய விளக்குகளில் மரை தேய்ந்து விளக்கு ஒரு பக்கம் சாயும். சாய்ந்த பக்கத்து முகத்தால் எண்ணெய் வழிந்து மேசைச் சீலை முழுக்க ஊறும். மரையில் வெள்ளைநூலை ஒரு சுற்றுச் சுற்றி இறுக்குங்கள், ஆடாது. பூட்டிய பிறகு எண்ணெய்த் தட்டில் தண்ணீர் ஊற்றிப் பார்த்தால் சமமாக நிற்கிறதா, ஒழுகுகிறதா என்று தெரிந்துவிடும். பிறகு நன்றாகத் துடைத்துக் காய வையுங்கள். ஈரம் மிஞ்சியிருந்தால் திரி பொரிந்து பொரிந்து நூரும்.

திரிகளை இரவே நல்லெண்ணெயில் ஊற வைத்துவிடுங்கள். ஒரு விளக்குக்கு ஐந்து முகம், இரண்டுக்கும் பத்து. மேலதிகமாக இன்னும் ஆறு. பன்னீர்ச்செம்பின் துளைகளை ஊசியால் குத்திப் பார்த்து, வெறும் தண்ணீர் விட்டு ஒருமுறை தெளித்துப் பாருங்கள். நெடுநாள் பாவிக்காத செம்பில் களிம்பு அடைத்திருக்கும்.

எந்த இடத்தில் வைப்பது

வாசலுக்கு நேர் நடுவில் வைப்பது மண்டபத்துக்குச் சரி. அங்கே வாசல் அகலம், இருபக்கத்தாலும் ஆட்கள் போவார்கள். வீட்டில் வாசல்நிலை மூன்று அடி அகலம்தான் இருக்கும். நடுவில் மேசை போட்டால் எல்லோரும் விளக்கை உரசிக்கொண்டு போக வேண்டும். சேலைத் தலைப்பு, பிள்ளைகளின் பாவாடை, எரிகிற பத்துத் திரி: இதில் துணிச்சல் காட்ட வேண்டாம். விறாந்தையில் வாசலுக்கு ஒரு பக்கமாக, ஆட்கள் நடக்கும் வழியிலிருந்து குறைந்தது இரண்டு அடி தள்ளி வையுங்கள். படியேறும்போதே கண்ணில் பட்டால் காணும்.

அடுத்தது காற்று. வைகாசி தொடங்கி ஆவணி வரை தென்மேற்கிலிருந்து சோளகக் காற்று அடிக்கிற காலம். தெற்கும் மேற்கும் பார்த்த விறாந்தைகளில் விளக்கு நிற்காது. அந்த மாதங்களில் விறாந்தைச் சுவர் மறைவுக்கோ நிலைக்கு உள்பக்கமாகவோ மேசையைக் கொண்டு போங்கள். கண்ணாடிப் பெட்டிக்குள் விளக்கை அடைத்து வைக்கிறவர்களும் உண்டு. அப்படி வைத்தால் மேல்பக்கம் திறந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் புகை பிடித்துக் கண்ணாடி கறுக்கும். மின்சார விளக்கு பொருத்திய குத்துவிளக்கு இப்போது கடைகளில் கிடைக்கிறது. காற்றுக்குப் பயந்து அதை வைப்பதைவிட, ஒரு விளக்கை மட்டும் மறைவில் உண்மையாக எரிய விடுவது எங்களுக்கு நிறைவாகப் படுகிறது.

இடத்தைக் கூட்டித் துடைத்து மஞ்சள் தண்ணீர் தெளியுங்கள். சாணத்தால் மெழுகக்கூடிய மண்முற்றம் இருந்தால் மெழுகுங்கள். மாபிள் தரையில் சாணம் பூச வேண்டியதில்லை. கோலத்தை அரிசிமாவால் போடுங்கள். ஐப்பசி முதல் மார்கழி வரை மழைக்காலம், கூரைக்குள்ளேயே போட்டுவிடுங்கள். எறும்பு வந்தால் துரத்தாதீர்கள். மாக்கோலம் அதுகளுக்கும் சாப்பாடுதான். கற்கண்டுத் தட்டை மட்டும் மூடி வைத்தால் போதும்.

வைக்கிற ஒழுங்கு

விருந்தினர் ஒன்பது மணிக்கு வருகிறார்கள் என்றால் ஏழரைக்குத் தொடங்குங்கள். மாவிலையை விடியற்காலையிலேயே வெட்டி ஒரு மணி நேரமாவது வாளித் தண்ணீரில் நிற்க விட்டிருக்க வேண்டும்.

1. மேசையில் வெள்ளைச் சீலையோ பட்டோ விரியுங்கள். அதன் மேல் தலைவாழையிலை. நுனி கிழக்கு அல்லது வடக்குப் பார்க்கட்டும். இலையைக் கழுவித் துடைத்தே போடுங்கள்.

2. நெல்லை இலையின் நடுவில் பரப்புங்கள். அடி உருண்டையான குடமென்றால் நடுவில் ஒரு அங்குல உயரத்துக்குக் குவித்து, கையால் குழி செய்யுங்கள். அந்தக் குழியில் குடம் அமர்ந்துவிட்டால் யார் மேசையில் இடித்தாலும் சாயாது. பச்சையரிசி வழுக்கும். அரிசிதான் போடுகிறீர்கள் என்றால் அடி தட்டையான குடம் பாருங்கள்.

3. தண்ணீரை மேசையில் வைத்து ஊற்றாதீர்கள். கிணற்றடியிலோ குழாயடியிலோ குடத்தில் தண்ணீர் விட்டு, தேங்காயை வைத்துப் பாருங்கள். தேங்காய் இறங்கும்போது தண்ணீர் ஏறும். வழிந்ததெல்லாம் வழியட்டும். பிறகு தேங்காயை எடுத்துவிட்டு, வெளிப்பக்கத்தைத் துடைத்துக் கொண்டுவந்து வையுங்கள். இந்த ஒரு படியை விட்டால் தண்ணீர் அரிசியில் ஊறி, மத்தியானத்துக்குள் புளித்து மணக்கும். தண்ணீரில் சிறிது மஞ்சளும் ஒரு பூவும் போடலாம்.

4. மாவிலை ஐந்து அல்லது ஏழு. இளஞ்சிவப்புத் தளிர் பார்க்க அழகு, ஆனால் ஒரு மணி நேரத்தில் வாடித் தொங்கும். கடும்பச்சையான முற்றிய இலையே நிற்கும். தனித்தனி இலைகளைவிட, நுனிக்கொப்போடு வெட்டிய கொத்தாக வைத்தால் கொப்பு தண்ணீருக்குள் நின்று இலை நெடுநேரம் வாடாது. கொத்தில் இலை கூடினால் எண்ணிக் கிள்ளிவிடுங்கள். இலை நுனிகள் வெளியே, காம்பு தண்ணீருக்குள். மாவிலை வாடுவதற்கு அநேகமாக ஒரே காரணம், காம்பு தண்ணீரைத் தொடாததுதான்.

5. முடித்தேங்காயின் தும்பைச் சீவி ஒழுங்காக்கி, ஓட்டில் மஞ்சள் பூசி, முடி மேலே பார்க்க வையுங்கள். முடியடியில் சந்தனம் குங்குமம் இட்டு ஒரு பூவும் வையுங்கள். குடத்தின் கழுத்திலும் பொட்டு.

6. பிள்ளையார் பிடியுங்கள். இரண்டு மேசைக்கரண்டி மஞ்சள்தூளுக்கு ஒரு தேக்கரண்டித் தண்ணீரில் தொடங்கி, சொட்டுச் சொட்டாகக் கூட்டுங்கள். பெருவிரல் உயரத்துக்குக் கூம்பாகப் பிடித்து, உச்சியில் அறுகம்புல் செருகுங்கள். தண்ணீர் கூடினால் பிள்ளையார் சரிவார். அப்போது மேலும் தூள் சேர்த்துப் பிசையலாம். ஒரு வெற்றிலையில் வைத்து, குடத்துக்கு முன்னால் அமர்த்துங்கள்.

7. குத்துவிளக்குகள் இருபக்கமும். குடத்திலிருந்து ஒரு அடியாவது தள்ளி நிற்கட்டும். கிட்ட வைத்தால் சுடரின் சூட்டில் மாவிலை நுனி கருகும். ஒவ்வொரு விளக்குக்கும் அடியில் ஒரு சின்னத் தட்டு வையுங்கள், சிந்துகிற எண்ணெயை அது ஏந்தும். எண்ணெய் முக்கால்வாசி. திரி வெளியே கால் அங்குலம் நீண்டால் போதும். நீளம் கூடினால் புகைக்கும், தடிப்பான திரி எண்ணெயைக் கூட இழுத்து முகத்தால் வடிக்கும்.

8. முன்பக்கம் ஒரு தட்டில் வெற்றிலை, பாக்கு, பழச்சீப்பு, தேசிக்காய், பூ. ஊதுபத்தியை வாழைப்பழத்தில் குத்துவது வழக்கம். சாம்பல் நெல்லில் விழாத பக்கமாகச் சாய்த்துக் குத்துங்கள்.

கிழக்குப் பார்த்த முகத்தில் தொடங்கி விளக்கேற்றுங்கள். திரி நுனியில் ஒரு துளி கற்பூரத்தூள் தொட்டால் உடனே பற்றும். பொது விழாக்களில் ஆளாளுக்கு ஒரு முகம் ஏற்றுவார்கள். அங்கே மெழுகுதிரி கொடுத்தால் மெழுகு எண்ணெயில் சொட்டித் திரியை அடைக்கும். சின்னக் கைவிளக்கு ஒன்றைக் கையில் கொடுங்கள். ஏற்ற வருகிறவர் சப்பாத்தைக் கழற்ற நேரம் வேண்டும் என்பதையும் நிகழ்ச்சி நடத்துகிறவர் நினைவில் வைக்க வேண்டும்.

ஏற்றியாயிற்று என்று விட்டுவிடாதீர்கள். விளக்குப் பார்க்க ஒருவரை நியமியுங்கள். ஒவ்வொரு மணிக்கும் எண்ணெய் விட்டு, திரியைச் சின்னக் குச்சியால் தூண்டி, கருகிய நுனியைத் தட்டிவிட வேண்டும். குடத்திலும் ஒருமுறை தண்ணீர் மட்டம் பாருங்கள். வீட்டில் பதினான்கு பதினைந்து வயதுப் பிள்ளை இருந்தால் இந்தப் பொறுப்பை அந்தப் பிள்ளையிடம் கொடுங்கள். மிகவும் கவனமாகச் செய்வார்கள், அடுத்த காரியத்துக்கு அவர்களே வைக்கவும் பழகிவிடுவார்கள்.

வாசலில் நிற்பவர்கள்

இரண்டு பேர் வேண்டும். ஒருவர் பன்னீர் தெளிக்க, ஒருவர் தட்டு நீட்ட. தட்டில் சந்தனம், குங்குமம், விபூதி, கற்கண்டு, விரும்பினால் பூ. மணிக்கு ஒருதரம் ஆளை மாற்றுங்கள். நின்று நின்று கால் உளைந்த முகத்தில் சிரிப்பு வராது.

சந்தனத்தைப் பன்னீரில் குழைக்க வேண்டும். இரண்டு மேசைக்கரண்டித் தூளுக்கு ஒரு மேசைக்கரண்டிப் பன்னீரில் தொடங்குங்கள். விரல்நுனியில் தொட்டால் வடியாமல் நிற்கிற பதம். அரை மணிக்கு ஒருமுறை நாலு துளி பன்னீர் விட்டுக் குழைத்துக்கொண்டால் காயாது. ஆளில்லாத நேரம் ஈர வாழையிலைத் துண்டால் மூடுங்கள். குங்குமக் கிண்ணத்தைச் சந்தனத்துக்குப் பக்கத்தில் ஒட்டி வைக்காதீர்கள், ஈர விரல் பட்டுக் கட்டியாகும்.

பன்னீர்ச்செம்பை முக்கால்வாசிதான் நிரப்ப வேண்டும். தலைக்கு மேலே தெளியுங்கள், முகத்துக்கு நேரே வேண்டாம். மூக்குக்கண்ணாடி போட்டவர், கைக்குழந்தையோடு வருகிறவர் என்றால் கையை நீட்டச் சொல்லி உள்ளங்கையில் இரண்டு துளி விட்டால் அவர்களே தடவிக்கொள்வார்கள். “வாங்கோ அம்மா, வாங்கோ ஐயா” என்று முதலில் வாய் திறந்து கூப்பிட்டுவிட்டுப் பிறகு செம்பைத் தூக்குங்கள். வந்தவரை ஒரு சொல்லும் சொல்லாமல் பன்னீரை மட்டும் தெளிப்பது வரவேற்பு ஆகாது.

ஒரு விடயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். கணவரை இழந்த பெண் வரும்போது தட்டைப் பின்னுக்கு இழுக்கிற பழக்கம் இன்னும் சில வாசல்களில் இருக்கிறது. போர் முடிந்த நிலத்தில் அப்படியான பெண்கள் இல்லாத குடும்பம் குறைவு. தட்டை எல்லோருக்கும் ஒரே உயரத்தில், ஒரே சிரிப்போடு நீட்டுங்கள். எதை எடுப்பது, எடுக்காமல் விடுவது என்பது வருகிறவரின் விருப்பம். நிற்கிற பிள்ளைகளுக்கு இதை முன்னாலேயே சொல்லி வையுங்கள். கிறிஸ்தவ, முஸ்லிம் நண்பர்கள் வந்தாலும் அப்படித்தான்: தட்டு நீட்டுங்கள், கற்கண்டு எடுப்பார்கள், வற்புறுத்த வேண்டாம்.

உள்ளே

செருப்புக் கழற்ற நிழலான இடமும், கால் கழுவ ஒரு வாளியும் செம்பும் வெளியே இருக்கட்டும். இருந்ததும் தண்ணீர், பிறகு தேத்தண்ணி. தட்டில் பயத்தம் பணியாரம், முறுக்கு, அரியதரம். சீனி வேண்டாம் என்கிறவர்களுக்கு வெறும் தேத்தண்ணியும் ஒரு துண்டு பனங்கட்டியும்.

குடிபூரல் சாப்பாடு மரக்கறிதான். நல்லூர்க் கந்தசாமி கோயிலின் 25 நாள் திருவிழாக் காலத்தில் மச்சம் (மீன், இறைச்சி) தொடாத வீடுகள் ஏராளம், அந்தக் காலத்தில் எந்தக் கூட்டத்துக்கும் மரக்கறியே பாதுகாப்பு. ஒரு கிலோ அரிசி எட்டுப் பேருக்குக் கணக்கு. ஐம்பது பேருக்கு ஏழு கிலோ போடுங்கள். பாயாசம் ஆளுக்கு நூறு மில்லிலீற்றர் என்றால் ஐம்பது பேருக்கு ஐந்து லீற்றர். பாயாசம் ஆற ஆற இறுகும், அதனால் அரை லீற்றர் பாலைச் சுட வைத்துப் பக்கத்தில் வைத்திருங்கள், இளக்கிக்கொள்ளலாம்.

இலையின் நுனி சாப்பிடுகிறவரின் இடக்கைப் பக்கம். கறிகள் மேல் பாதியில், சோறு கீழ்ப் பாதியில். பருப்பு, கத்தரிக்காய்க் குழம்பு, வாழைக்காய், பயற்றங்காய், கீரை, பச்சடி, அப்பளம், மோர்மிளகாய் என்று கறி வைத்துக்கொண்டு போகிறவர் முன்னால், சோறு போடுகிறவர் பின்னால். அகப்பை இலையைத் தொடக் கூடாது. “காணும்” என்று கையை இலைக்கு மேலே பிடித்தாலும் ஒருதரம் கேளுங்கள், இரண்டாம் தரம் விட்டுவிடுங்கள். சர்க்கரை வருத்தக்காரரையும் வயதானவரையும் சோற்றைக் கொட்டி வற்புறுத்துவது அன்பில் செய்வதுதான், ஆனாலும் அவருக்குத்தான் கரைச்சல். பந்தியில் கடைசி ஆள் முடிக்கும்வரை பக்கத்தில் இருப்பவர் இலையை மூட மாட்டார். பரிமாறுகிறவர்களும் அதுவரை இலை எடுக்கத் தொடங்க வேண்டாம்.

போகும்போது வெற்றிலைத் தட்டத்தை நீட்டுங்கள். “போட்டு வாறம்” என்று அவர்கள் சொல்ல, “ஓம், போட்டு வாங்கோ” என்று படலை வரைக்கும் ஒருவர் கூடப் போவது நல்லது.

எல்லோரும் போன பிறகு

விளக்கை வாயால் ஊதி நூர்க்காதீர்கள். ஒரு பூவால் திரியை எண்ணெய்க்குள் தள்ளினால் அமரும். குடத்தைத் தூக்குவதற்கு முன் கும்பிட்டு ஒருமுறை மெல்ல அசைத்துவிட்டுத் தூக்குவார்கள். தண்ணீரை மாவிலையால் வீடெல்லாம் தெளித்து, மிச்சத்தைக் கிணற்றடி வாழைக்கு ஊற்றுங்கள். மஞ்சள் பிள்ளையாரைத் தண்ணீரில் கரைத்து, கால் படாத இடத்தில், துளசியடியிலோ செவ்வரத்தை அடியிலோ விடுங்கள். அரிசி ஈரமில்லாவிட்டால் அடுத்த வெள்ளிக்கிழமை பொங்கலுக்கு ஆகும். நெல்லென்றால் முற்றத்தில் குருவிக்குப் போடலாம். தேங்காயை இரண்டொரு நாளுக்குள் உடைத்துக் கறிக்கு எடுங்கள்.

குடத்தை இரவு முழுவதும் தண்ணீரோடு விட்டால் உள்ளே கோடு விழும், அதை எடுக்க மறுபடி புளிதான். விளக்கு எண்ணெயைக் கடதாசியால் வழித்தெடுத்து, கழுவி, துடைத்து, மரையைக் கழற்றியே வையுங்கள். பூட்டியபடி வைத்தால் எண்ணெய்ப் பிசுக்கில் இறுகி அடுத்த முறை கழராது. பன்னீர்ச்செம்புக்குள் மிஞ்சிய பன்னீரைப் போத்தலில் ஊற்றாமல் கொட்டிவிட்டு, வெறும் தண்ணீரால் இரண்டு தரம் அலசி, மூடியைத் திறந்தபடி கவிழ்த்துக் காய வையுங்கள். அயலில் யாராவது அடுத்த கிழமை இரவல் கேட்டு வருவார்கள், துளை அடைபடாமல் இருக்கும்.